பத்துக் காளான் சூப்

போன வருஷம் ஐப்பசி மாதம், பொன்னேரியிலிருந்து கும்மிடிப்பூண்டி போகும் காலை ரயிலில்தான் அந்தத் தப்பைச் செய்தேன். ஜன்னலோரம் இடம் கிடைத்திருந்தது. வெளியே தூறல், கையில் போன். இருபது நிமிடப் பயணத்துக்குள் நாலு பெண்களின் இரண்டு மாத உழைப்பை ஒரே பானையில் போட்டுக் கொதிக்க வைத்துவிட்டேன். அதுவும் பெருமையாக.

நான் கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஓர் இரும்பு ஆலையின் கேன்டீனில் மாஸ்டர். இருபத்தாறு வருஷமாகச் சமையல்தான். என் கைக்கு வந்த ஒரு கத்திரிக்காய்கூட வீணாகாது. புதன்கிழமை புதுக் காய் வருகிறது என்றால், செவ்வாய்க்கிழமையே பழைய காய் மொத்தமும் கதம்ப சாம்பாராகிவிடும். இதைக் கொஞ்சம் திமிராகவே எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிவேன். அந்தத் திமிர்தான் என்னைக் கவிழ்த்தது.

என் மகள் டிப்ளமோ முடித்துவிட்டு இங்கேயே ஒரு கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். அவளும் கூடப் படித்த மூன்று தோழிகளும் போனில் சேர்ந்து ஒரு விளையாட்டு விளையாடுவார்கள். ஒரு தீவு. அங்கே மரம் வெட்டி, கல் உடைத்து, வீடு கட்டி, மிருகங்களிடம் மாட்டாமல் பிழைத்துக் கிடக்க வேண்டும். நேரத்துக்குப் பசிக்கும். சாப்பிடாவிட்டால் ஆள் சுருண்டு விழுந்துவிடும். கடைசியாக, மலையுச்சியில் தூங்குகிற ஓர் அரக்கனை எழுப்பி, அவனை அடித்துச் சாய்க்க வேண்டும். அதோடு ஆட்டம் முடிந்தது. அந்த அரக்கனுக்குப் பிள்ளைகள் வைத்திருந்த பெயர் 'மேனேஜர்'. எழுந்ததும் ஒரு கத்துக் கத்துவானாம், எல்லோரும் நாலு பக்கமும் ஓட வேண்டுமாம், அதனால்.

நாலு பேருக்கும் வாள் பிடிக்கத்தான் ஆசை. கரண்டி பிடிக்க ஆள் இல்லை. ஒருநாள் என் போனிலும் அதை ஏற்றிவிட்டு, "நைனா, நீ எங்களுக்கு ஆக்கி வெச்சுட்டா போதும், சண்டைக்கெல்லாம் வரத் தேவயில்ல" என்றாள் மகள். வேலையிலும் சமையல், போனிலும் சமையலா என்று முனகினேன். ஆனால் இரண்டே நாளில் எனக்குப் பித்துப் பிடித்துவிட்டது. வீட்டில் மகளின் பழைய லேப்டாப்பில் அந்தத் தீவு எந்நேரமும் ஓடிக்கொண்டிருக்கும். அதனால் யார் வேண்டுமானாலும் எப்போது வேண்டுமானாலும் தீவுக்குள் போய்வரலாம். நான் காலை ரயிலில் ஏறியதும் உள்ளே போவேன். அடுப்பு மூட்டி, கிழங்கு சுட்டு, மான்கறி வதக்கிப் பெட்டியில் அடுக்கிவிட்டு இறங்குவேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமையும் அப்படித்தான் போனேன். தீவு வீட்டின் மூலையில் ஒரு பெட்டி. திறந்தால் பத்துச் சிவப்புக் காளான், எத்தனை நாளாகவோ அப்படியே கிடக்கின்றன. செவ்வாய்க்கிழமை புத்தி வேலை செய்தது. பத்தையும் அள்ளிப் பானையில் போட்டேன். பத்துக் கிண்ணம் சூப் வந்தது. 'இன்றைய ஸ்பெஷல் காளான் சூப்' என்று அவர்களுடைய வாட்ஸ்அப் குழுவில் படத்தோடு போட்டேன். தோழிகளில் ஒருத்தி, குட்டையாக, எப்போதும் சிரித்துக்கொண்டே இருப்பவள், உடனே தீவுக்குள் வந்து இரண்டு கிண்ணம் குடித்துவிட்டு, 'செம்ம அங்கிள்' என்று பதில் போட்டாள். அது எந்தக் காளான் என்று அவளும் பார்க்கவில்லை.

சாயங்காலம் வீட்டுக்குப் போனேன். மகள் வாசலிலேயே நின்றிருந்தாள்.

"நைனா, நீ சூப்பு வெச்சது இன்னா தெரியுமா?"

பிறகுதான் சொன்னாள். அந்தக் காளான் தீவில் மழை பெய்தால் மட்டும், ஒரே ஒரு குகைக்குள், மழைக்கு ஒன்றாக முளைக்கும். குகை வாசலில் ஓநாய்கள் நிற்கும். மலை மேல் இருக்கும் ஒரு கல்லில் பத்துக் காளான் வைத்தால்தான் மேனேஜர் எழுந்திருப்பான். ஏற்கெனவே ஒரு தடவை எழுப்பித் தோற்றிருக்கிறார்கள். தோற்றால் காளானும் போச்சு. வாரத்தில் ஓரிரு நாள் மட்டும் விளையாடி, மறுபடி பத்துச் சேர்க்க இரண்டு மாதம் ஆகியிருந்தது. இன்னும் ஒரு மாதத்தில் இவள் ஓசூரில் புது வேலைக்குப் போகிறாள். மற்ற மூவரும் ஆளுக்கொரு ஊர், ஆளுக்கொரு ஷிஃப்ட். நாலு பேரும் ஒன்றாக உட்கார முடிகிற கடைசி ஞாயிற்றுக்கிழமைக்குள் மேனேஜரைச் சாய்ப்பது என்று சபதம் போட்டிருந்தார்கள்.

நான் உடனே மன்னிப்புக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. "வெளையாட்டுக் காளானுக்கா இவ்ளோ பேஜாரு பண்றே? நெஜக் காளானே வாங்கியாரேன், போ" என்றேன்.

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். "நீ ஆக்கி வெச்ச சாம்பார் அண்டாவ எவனாவது கவுத்துட்டு, 'சோறுதானே, ஓட்டல்ல வாங்கித் தரேன்'னு சொன்னா நீ சும்மா இருப்பியா நைனா?"

இருக்க மாட்டேன். என் ரசத்தில் கேட்காமல் ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றியவரிடம் ஒரு வாரம் பேசாமல் இருந்த ஆள் நான்.

அன்றிலிருந்து மகள் என்னோடு பேசவில்லை. இன்னும் ஒரு மாதத்தில் ஊரை விட்டுப் போகிற பிள்ளை, அதில் ஒவ்வொரு நாளாகப் பேசாமலே கழிந்துகொண்டிருந்தது. என் மனைவிக்கு அந்த விளையாட்டில் தலையும் தெரியாது வாலும் தெரியாது. ஆனால் தீர்ப்பு அவள்தான் சொன்னாள். "அது இன்னாமோ பத்து காளானாமே, அத எங்கிருந்தாவது கொண்டாந்து குடுத்துட்டு மறுவேல பாருங்க."

மறுநாள் ரயிலில் தீவுக்குள் போனால், அந்தப் பெட்டிக்கு மேலே மகள் ஒரு பலகை மாட்டியிருந்தாள். 'சமையல்காரர் இந்தப் பெட்டியைத் திறக்கக் கூடாது.' ரயிலில் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு வாளை எடுத்துக்கொண்டு நேராகக் குகைக்குப் போனேன்.

போனேன் என்பது பெரிய வார்த்தை. நடு ஸ்டேஷன் கவரைப்பேட்டை வருவதற்குள் இரண்டு முறை செத்தேன். மறுநாளும் அதே கதை. ஓநாய் பாய்கிற வேகத்துக்கு என் கட்டைவிரல் நகர மறுத்தது. மூன்றாம் நாள்தான் மண்டையில் உறைத்தது. வாளைப் போட்டுவிட்டு ஒரு கட்டு விறகை எடுத்துக்கொண்டு போனேன். குகை வாசலில் என் அடுப்பையே மூட்டினேன். நெருப்பைப் பார்த்த ஓநாய்கள் தூர நின்று உறுமினவே தவிர, கிட்டே வரவில்லை. இருபத்தாறு வருஷம் அடுப்படியில் கிடந்தவனுக்கு இது தோன்ற மூன்று நாள் ஆகியிருக்கிறது!

முதல் காளானை எடுத்துக்கொண்டு தீவு வீட்டுக்கு வந்தேன். பெட்டியைத் திறக்கக் கூடாது என்றல்லவா எழுதியிருந்தது? அதனால் பெட்டிக்கு முன்னால் தரையில் வைத்துவிட்டு வந்தேன். மறுநாள் பார்த்தால் காளான் தரையில் இல்லை. யாரோ எடுத்து உள்ளே வைத்திருந்தார்கள். யார் என்று எனக்குத் தெரியும். அடுத்ததையும் அப்படியே தரையில் வைத்தேன். அதுவும் உள்ளே போயிற்று. வீட்டில் எங்களுக்குள் ஒரு வார்த்தை இல்லை, தீவில் மட்டும் இந்தப் போக்குவரத்து.

மூன்றாவது காளான் வைத்த அன்று, தட்டில் தோசையை வைத்துக்கொண்டு மகள் கேட்டாள். "வாசல்ல ஓநாய்ங்க நிக்குமே, எப்பிடி எடுத்தே?"

நான் நெருப்புக் கதையை எழுந்து நின்று நடித்தே காட்டினேன். அவள் சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்புக்காக இன்னும் நூறு தடவை ஓநாயிடம் கடிபடலாம் என்று இருந்தது.

அதற்குப் பிறகு அவர்களும் மாலையில் குகைக்கு வந்தார்கள். காலையில் போகும்போதும் சாயங்காலம் திரும்பும்போதும் எனக்கு ரயில் இருந்தது. தீவிலும் நல்ல மழை. கடைசி வாரத்தில் பத்தாவது காளான் பெட்டிக்குள் போனபோது, நாலு பெண்களும் எங்கள் வீட்டுக் கூடத்தில் கூடி யுத்த ஆலோசனை நடத்தினார்கள். நான் டீ போட்டுக் கொடுத்துவிட்டு ஓரமாக நின்றேன். குற்றவாளிக்கு நாற்காலி எதற்கு?

போன தடவை ஏன் தோற்றீர்கள் என்று மட்டும் கேட்டேன். நாலு பேரும் வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு ஒன்றாக மலையேறியிருக்கிறார்கள். சண்டை நடுவில் நாலு பேருக்கும் ஒரே நேரத்தில் பசித்திருக்கிறது. நாலு பேரும் ஒரே பாறைக்குப் பின்னால் ஓடி உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறார்கள். மேனேஜர் வந்து பாறையோடு சேர்த்து நசுக்கிவிட்டான். எனக்கு அடக்க முடியவில்லை. "ஏம்மா, ஃபர்னஸ்ல நிக்கறவன் அல்லாரும் ஒண்ணா சாப்பிடக் கெளம்பிட்டா, உள்ள இருக்கற இரும்பு இன்னாத்துக்கு ஆவும்?" என்று சொல்லிச் சிரித்தேன். எங்கள் ஆலையில் உலையை அணைக்க முடியாது. அதனால் உலையில் நிற்பவர்கள் சாப்பாட்டுக்கு மாறி மாறித்தான் வருவார்கள்.

கிண்டலாகத்தான் சொன்னேன். மகள் சிரிக்கவில்லை. "ரெண்டு ரெண்டு பேரா..." என்று இழுத்தாள். பழைய காலண்டர் தாளைக் கிழித்து, அதன் பின்பக்கத்தில் எழுத ஆரம்பித்துவிட்டாள். இரண்டு பேர் மலையேறும் முன்பே சாப்பிடுவது, மற்ற இரண்டு பேர் சண்டை தொடங்கிக் கொஞ்ச நேரம் கழித்து. அப்படி ஆரம்பித்தால் நாலு பேருக்கும் ஒன்றாகப் பசிக்கவே பசிக்காது. "நைனா, நீயும் மலைக்கு வரே. பாறைக்குப் பின்னால அடுப்போட உக்காந்துக்கோ. நீ மட்டும் சாவக் கூடாது, நீ செத்தா நாங்க அல்லாரும் பட்டினி" என்றாள்.

அந்த வாரம் முழுக்க ரயிலில் சமைத்துத் தள்ளினேன். தோழிகள் அம்பு செய்தார்கள், ஆளுக்கு இரண்டு கேடயம் செய்தார்கள், மலைக் குளிருக்குத் தோல் சட்டை தைத்தார்கள். மூட்டை கட்டும்போது அந்த எட்டுக் கிண்ணம் சூப் கண்ணில் பட்டது. விளையாட்டில் சூப் கெட்டுப்போவதில்லை, அது ஒரு வசதி. "அத என் கண்ணுல காட்டாத" என்று மகள் முன்பே சொல்லியிருந்தாள். ஆனால் கொட்ட எனக்கு மனசு வரவில்லை. மூட்டைக்கு அடியில் போட்டுக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை நாஷ்டா முடிந்ததும் கூடத்தில் பாய் விரித்து ஐந்து பேரும் உட்கார்ந்தோம். கல்லின் மேல் பத்துக் காளானையும் மகள் ஒவ்வொன்றாக வைத்தாள். போன் அதிர்ந்தது. மலையுச்சி என்று நான் நினைத்துக்கொண்டிருந்தது எழுந்து நின்றது. அவன் போட்ட சத்தத்தில் என் கையிலிருந்து போன் நழுவப் பார்த்தது.

முதலில் எல்லாம் காலண்டர் தாளில் எழுதியபடியே நடந்தது. இரண்டு பேர் வருவார்கள், நான் கையில் கொடுப்பேன், தின்றுகொண்டே ஓடுவார்கள், அடுத்த இரண்டு பேர் வருவார்கள். கேன்டீனில் மத்தியான மணி அடித்த மாதிரியே இருந்தது. மேனேஜரின் உயிர் பாதிக்கும் கீழே இறங்கியது. அப்போது அவன் இன்னொரு கத்துக் கத்தினான், பனி கொட்ட ஆரம்பித்தது. குளிரில் இரண்டு மடங்கு பசிக்கும் என்பது எங்கள் யாருக்கும் தெரியாது. சாப்பிட்டுப் போனவர்கள் உடனே பசியோடு திரும்பி வந்தார்கள். அடுத்தடுத்து இரண்டு பேர் செத்து விழுந்து, போனைப் பாயில் வைத்துவிட்டார்கள். மகளும் அந்தக் குட்டைத் தோழியும்தான் மிச்சம். அவனுக்கும் கொஞ்சம்தான் உயிர் மிச்சம்.

"நைனா, சாப்பாடு!"

மூட்டையில் கை விட்டேன். கிழங்கு இல்லை, கறி இல்லை. இருபத்தாறு வருஷத்தில் தட்டோடு வந்தவரிடம் நான் இல்லை என்று சொன்னதே கிடையாது.

"சூப்புதான் இருக்குதும்மா" என்றேன்.

குட்டைத் தோழிதான் முதலில் கத்தினாள். "அங்கிள், குடுங்க, அது செம்ம டேஸ்ட்டு!"

மகள் போனிலிருந்து கண்ணை எடுக்காமல், "சரி, குடு நைனா" என்றாள்.

கொடுத்தேன். அதில் மாயம் மந்திரம் எதுவும் இல்லை, வயிறு நிறைக்கிற சாதாரண சூப். ஆளுக்கு ஒரு கிண்ணம், ஓடி அடி, திரும்பி வா, இன்னொரு கிண்ணம். நாலாவது, ஐந்தாவது, ஆறாவது. தோழி கேடயத்தோடு முன்னால் போய் நின்று அடி வாங்கினாள். ஏழாவது கிண்ணத்தைக் குடித்துவிட்டு மகள் பாறை மேல் ஏறிக் குதித்தாள், வாள் இறங்கியது. மேனேஜர் முழங்கால் மடங்கி, மெதுவாக, மலை சரிகிற மாதிரி விழுந்தான்.

கூடத்தில் எழுந்த கூச்சலில் என் மனைவி கரண்டியோடு ஓடி வந்தாள். "இன்னாடி ஆச்சு, யாருக்கு இன்னா?" மகள் என் கழுத்தைக் கட்டிக்கொண்டு, "நைனா, மேனேஜர் காலி!" என்று கத்தினாள். எதிர்வீட்டுக்காரரும் தொழிற்பேட்டையில்தான் வேலை. அவர் வாசலில் வந்து நின்று, "எந்தக் கம்பெனி மேனேஜர்?" என்று பதறிப்போய்க் கேட்டார். நாங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம். போனில் வென்றவர்கள் பெயர் வரிசையாக வந்தது. ஐந்தாவதாக என் பெயர். அதைப் பார்த்து எனக்குக் கண் கலங்கிவிட்டது. மறைக்கவும் இல்லை.

மகள் ஓசூர் போன மறுநாள், ரயிலில் ஏறியதும் பழக்கத்தில் தீவுக்குள் போனேன். மூலைப் பெட்டியின் மேல் பலகை மாறியிருந்தது. 'இது நைனாவுடைய பெட்டி. கேட்காமல் யாரும் தொடக் கூடாது.' திறந்து பார்த்தேன். உள்ளே, நான் மலையில் மூட்டையோடு விட்டு வந்த அந்த எட்டாவது கிண்ணம் சூப் இருந்தது.

அதை நான் இன்னும் குடிக்கவில்லை. இப்போதெல்லாம் கேன்டீனில் எந்தப் பாத்திரத்தின் மூடியைத் திறப்பதற்கு முன்னாலும் 'இது யாருது?' என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுகிறேன். என் சாப்பாட்டைப் புகழ்ந்தவர்கள் எத்தனையோ பேர் உண்டு, ஆனால் என் தப்பையே குடித்து ஜெயித்துக் காட்டியவர்கள் என் மகளும் அவள் தோழியும்தான் என்று நினைக்கும்போது, கவரைப்பேட்டையைத் தாண்டும் ரயிலில் இன்றைக்கும் நான் தனியாகச் சிரித்துக்கொள்கிறேன்.