இக்பால் கருக்கிய டோஃபு

மீமிசல் கடைத்தெருவில் சோயா பீன்ஸ் கேட்டு அலைந்த முதல் மனிதர் இக்பாலாகத்தான் இருப்பார். ஒரு கடையில் மீல்மேக்கர் பாக்கெட்டை எடுத்து நீட்டினார்கள். "இது இல்லங்க. பயறு. வெளிர் மஞ்சளா, உருண்டையா இருக்கும்" என்று விரலைக் குவித்துக் காட்டியதற்கு, அடுத்த கடைக்காரர் பட்டாணியை அள்ளித் தராசில் கொட்டினார். இன்னொரு கடையில், "எதுக்கு பாய், மாட்டுக்கா?" என்று கேட்டார்கள். கடைசியில் பஸ் ஏறி அறந்தாங்கிக்குப் போய், தேடிப்பிடித்து வாங்கிக்கொண்டு வந்தார்.

டீக்கடையில் அன்றைக்கு அதுதான் பேச்சு. விடிந்தால் மீன் வந்து இறங்குகிற ஊரில் ஒரு மனிதன் பயறு வாங்க பஸ் ஏறினால் பேசாமல் என்ன செய்வார்கள்? "குவைத்துல பெரிய சமையக்காரரா இருந்தவரு, இப்ப புண்ணாக்கு கிண்டப் போறாரு" என்று ஒருத்தர் எடுத்துவிட, பெஞ்சு மொத்தமும் சிரித்தது. இக்பாலும் சிரித்துவைத்தார். பயறு எதற்கு என்று அவர் சொல்லவில்லை. சொல்லக்கூடிய விஷயமா அது? பொண்டாட்டியோடு உட்கார்ந்து ஒரு வேளை சோறு தின்ன வேண்டும், அதற்குத்தான் இந்தப் பாடு என்று அறுபது வயது மனிதன் எந்த டீக்கடையில் போய்ச் சொல்வான்?

இக்பால் கதை அந்தக் கரையில் பல பேருடைய கதைதான். கல்யாணம் முடிந்த கையோடு குவைத்துக்குப் போனார். எண்ணெய்க் கம்பெனி கேம்ப் ஒன்றில் பாத்திரம் கழுவ ஆரம்பித்து, காய் வெட்டி, மெல்ல மெல்ல அடுப்புக்கு வந்து, கடைசியில் பெரிய சமையல்காரருக்கு அடுத்த ஆளாக நின்றார். இரண்டு வருடத்துக்கு ஒருமுறை லீவு. அவர் வந்து இறங்கினால் வீடு கல்யாண வீடாகிவிடும். அவர் மனைவி ஹஃப்சா கொடுவா மீன் வறுப்பாள், இறால் தொக்கு வைப்பாள், ஆணம் என்கிற கறிக்குழம்பு கொதிக்கும். நல்ல பீங்கான் தட்டு அலமாரியிலிருந்து இறங்கும். அவர் சாப்பிட, அவள் நின்று பரிமாறுவாள். "நீயும் உக்காரு" என்றால், "நீங்க சாப்பிடுங்க, நான் அப்பறம் சாப்பிட்டுக்கிறேன்" என்பாள். அந்த உபசாரத்தில் மயங்கிக் கிடக்கும்போதே லீவு முடிந்துவிடும்.

இப்போது முடிவதற்கு லீவு இல்லை. கம்பெனி கைகுலுக்கி அனுப்பிவிட்டது. ஒரே மகள் புருஷனோடு மலேசியாவில் இருக்கிறாள். அவ்வளவு பெரிய வீட்டில் இவரும் ஹஃப்சாவும்தான். ஆனாலும் பீங்கான் தட்டு அலமாரிக்குள் திரும்ப ஏறவில்லை. மதியம் லுஹர் தொழுதுவிட்டு வந்தால் தட்டு, தண்ணீர், வறுவல், ஆணம் எல்லாம் தயாராக இருக்கும். ஹஃப்சா ஃபேனைப் போட்டுவிட்டுச் சுவரோரம் நிற்பாள். "இன்னும் கொஞ்சம் வைக்கவா?" "போதும்." மதியப் பேச்சு அத்தோடு சரி. அவர் போய்ப் படுத்த பிறகு அடுப்படியில் தட்டு நகரும் சத்தம் கேட்கும்.

கேம்பில் அவர் தனியாகச் சாப்பிட்டதே கிடையாது. வெள்ளிக்கிழமையானால் நம் கரையோரத்து ஆட்கள் எல்லாம் சேர்ந்து, கல்யாணத்தில் சாப்பிடுகிற மாதிரியே பெரிய சஹன் தட்டில் சோற்றைக் குவித்து, நான்கு பேர் சுற்றி உட்கார்ந்து ஒரே தட்டில் கைபோடுவார்கள். பாலைவனத்தில் கிடந்தபோது வீட்டுக்கு ஏங்கினார். வீட்டில் உட்கார்ந்துகொண்டு அந்தத் தட்டுக்கு ஏங்கினார். என்ன பிழைப்பு இது என்று தன்மீதே எரிச்சல் வந்தது. ஒருநாள் வாய்விட்டே கேட்டார்.

"ஒரே சஹன்ல சாப்பிடுவோமா ஹஃப்சா?"

அவள் ஏதோ கூடாததைக் கேட்ட மாதிரி பதறினாள். "எனக்கு இப்ப பசியில்லங்க. நீங்க ஆறறதுக்குள்ள சாப்பிடுங்க."

இக்பால் தனியாகவே சாப்பிட்டு எழுந்தார். இவ்வளவு காலம் தூரத்தில் இருந்தே பழகிவிட்டது, இப்போது பக்கத்தில் வந்து உட்கார்ந்தது அவளுக்குப் பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று முடிவுகட்டிக்கொண்டார். ஆனாலும் சமையல்காரர் அல்லவா, கையில் இருக்கிற வித்தையை ஒருதரம் காட்டிப் பார்ப்போம் என்று தோன்றியது.

கேம்பில் பெரிய சமையல்காரராக இருந்தவர் பெலிக்ஸ் என்கிற அமெரிக்கக் கிழவர். லூசியானா பக்கத்து ஆள். அவர் ஊர்ச் சமையலுக்குக் கேஜன் என்று பேர். மிளகாய், மிளகு, பூண்டு, காய்ந்த மூலிகைத் தழை எல்லாம் சேர்ந்த ஒரு மசாலா. அதை மீனில் அப்பி, வெண்ணெயில் தோய்த்து, புகை கக்கும் இரும்புச் சட்டியில் போட்டு வேண்டுமென்றே கருக்குவார். நம் ஊர்ப் பெண்கள் பார்த்தால் அடுப்படியை விட்டே விரட்டுவார்கள். ஆனால் அந்தக் கருக்கலைத் தின்றுவிட்டால் நாக்கு வேறொன்றைக் கேட்காது. பெலிக்ஸுக்கு அடுத்து அந்த ருசியைக் கொண்டுவரத் தெரிந்தவர் இக்பால் ஒருவர்தான்.

ஹஃப்சா ஒரு மையத்து வீட்டுக்குத் துக்கம் கேட்கப் போயிருந்த காலையில், துடிக்கத் துடிக்க ஒரு கொடுவா வாங்கிவந்து அப்படிக் கருக்கினார். சஹனில் சோறு, நடுவில் மீன், சுற்றி வெங்காயம். பாயை விரித்து வைத்துக்கொண்டு காத்திருந்தார். ஹஃப்சா வந்தாள், பார்த்தாள். முகம் வெளுத்துப்போயிற்று. "தலைய வலிக்குது" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். நான்கு பேர் சாப்பிடும் தட்டின் முன்னால் இக்பால் தனியாக உட்கார்ந்திருந்தார். சோறு இறங்கவில்லை.

மறுநாள் பக்கத்து வீட்டு ஜொஹரா பீவி ராத்தா வேலியோரம் நின்று பேச்சுக்கொடுத்தாள்.

"நேத்து ஒங்க வீட்டுல மீனு மணத்துச்சு. உப்புப் பாக்க என்கிட்ட கிண்ணம் வரலியே தம்பி?"

"நான் ஆக்குனது ராத்தா. எனக்கு உப்புப் பாக்கத் தெரியும். ஒங்க தோழிக்குத்தான் இன்னும் தெரியல" என்று இக்பால் கடுகடுத்தார். ஹஃப்சா மீன் ஆக்கினாலும் கறி ஆக்கினாலும் ஒரு கிண்ணம் பக்கத்து வீட்டுக்குப் போய்த் திரும்பும். அதை வைத்து லீவுக்கு லீவு அவளைக் கேலி செய்தவர் அவர்.

ஜொஹரா பீவி அவரை ஒரு மாதிரிப் பார்த்தாள். "தெரியாமயா அனுப்புறா? அவ மீனை வாயில வச்சு எம்புட்டுக் காலமாச்சு. ஒங்களுக்குத் தெரியாதா?"

"என்ன சொல்றீங்க?"

"ஜெகபர் அலி போனதுலேருந்து தம்பி. மீனும் இல்ல, அந்த நெனப்புல கறியும் இல்ல."

ஜெகபர் அலி ஹஃப்சாவின் தம்பி. கட்டுமாவடியிலிருந்து ஒரு மழைக்காலத்தில் கடலுக்குப் போனவன். படகு கரை ஒதுங்கியது. ஆள் கிடைக்கவே இல்லை. செய்தி வந்தபோது இக்பால் குவைத்தில் இருந்தார். லீவு கேட்டார், தரவில்லை. போனிலேயே அழுதார்கள், போனிலேயே ஆறுதல் சொன்னார்.

"தின்னு புள்ளன்னு நாங்கல்லாம் சொன்னோம். என் தம்பியத் தின்ன மீனு எது, தின்னாத மீனு எதுன்னு எனக்கு எப்படித் தெரியும் ராத்தான்னு கேட்டா. அதுக்கு நாங்க என்னத்தச் சொல்ல?"

இக்பால் வீட்டுக்குள் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். அதற்குப் பிறகு எத்தனை லீவு வந்திருப்பார்! அந்த மீனைக் கழுவி, அரிந்து, மசாலா தடவி, வறுத்து, தட்டில் வைத்து, நல்லா இருக்கா என்று அவள் கேட்க, இவரும் முள்ளை உறிஞ்சிக்கொண்டே தலையாட்டியிருக்கிறார். வெட்கமாக இருந்தது. ஊருக்கெல்லாம் ஆக்கிப்போட்டவனுக்குத் தன் வீட்டில் ஒருத்தி என்ன சாப்பிடுவாள் என்று தெரியவில்லை.

அப்போதுதான் டோஃபு ஞாபகம் வந்தது. கேம்பில் குஜராத்து எஞ்சினியர்கள் சிலர் மரக்கறி மட்டுமே சாப்பிடுகிறவர்கள். அவர்களுக்காக பெலிக்ஸ் அதே மசாலாவை டோஃபுவில் அப்பிக் கருக்குவார். பயற்றுப்பாலைத் திரித்துக் கட்டிய கட்டி. பன்னீருக்கு ஒன்றுவிட்ட தம்பி என்று சொல்லலாம். அதற்காகத்தான் அறந்தாங்கிப் பயணம்.

முதல்முறை எல்லாம் சொதப்பல். எலுமிச்சம்பழத்தை அவசரப்பட்டுப் பிழிந்ததில் பால் தூள் தூளாக உதிர்ந்து, கோழிக்குத்தான் போயிற்று. மறுமுறை நிதானமாகச் செய்தார். ஊறிய பயறை மிக்ஸியில் அரைத்து, பழைய வேட்டித் துணியில் வடிகட்டி, பச்சை வாடை போகும்வரை காய்ச்சி, இறக்கிவைத்து, எலுமிச்சைச் சாற்றைத் தண்ணீரில் கலந்து கொஞ்சம் கொஞ்சமாக விட்டார். திரண்டதைத் துணியில் கட்டி, மேலே அம்மிக்குழவியை ஏற்றினார்.

ஹஃப்சா நிலைப்படியில் நின்று தவித்துக்கொண்டிருந்தாள். "ஆம்பள அடுப்படியில நின்னா நாலு பேரு என்ன சொல்லுவாங்க?"

"ஆம்பள அடுப்படியில நின்னுதான் இந்த வீடே எழும்புச்சு. நீ போயி உக்காரு."

குவைத்திலிருந்து கொண்டுவந்த மசாலா டப்பா உப்புக்காற்றில் கல்லாகிக் கிடந்தது. அதைத் தூக்கிப்போட்டுவிட்டு, நிறத்துக்குக் காஷ்மீரி மிளகாய்த்தூள், காரத்துக்கு ஊர் மிளகாய், மிளகு, பூண்டு, கொஞ்சம் ஓமம் என்று தானே இடித்தார். மூலிகைத் தழைக்குப் பின்கட்டில் இருந்த கற்பூரவல்லியைப் பறித்துத் தோசைக்கல்லில் வாட்டி நொறுக்கிக்கொண்டார். பெலிக்ஸ் போடும் செலரித் தண்டுக்கு எங்கே போவது? கொத்தமல்லித் தண்டை நறுக்கி, வெங்காயம், குடமிளகாயோடு வதக்கிச் சோற்றில் கிளறினார். பெலிக்ஸ் பார்த்திருந்தால் திட்டித் தீர்த்திருப்பார்.

பிறகு தோசைக்கல் காய்ந்தது. டோஃபுத் துண்டுகளை வெண்ணெயில் தோய்த்து, மசாலாவில் புரட்டிக் கல்லில் போட்டதும் புகை மண்டியது. மிளகாய் நெடி வீடு முழுக்கப் பரவ, ஹஃப்சா இருமிக்கொண்டே ஓடிவந்தாள்.

"ஐயோ, கருகிப் போச்சேங்க!"

"கருகல. கருக்குறேன்."

"எதுக்கு இப்படி வேணும்னே..." என்று ஆரம்பித்தவள், கல்லில் கிடந்ததைக் குனிந்து பார்த்தாள். "என்ன இது?"

"பயறு. மீனு இல்ல, கறியும் இல்ல." அவளைப் பார்க்காமல் துண்டுகளைத் திருப்பிப் போட்டார். "ஜொஹரா ராத்தா சொல்லிச்சு."

 கல்லில் வெண்ணெய் சடசடக்கும் சத்தம்தான் கேட்டது. நெடியா, வேறா, இரண்டு பேருக்கும் கண்ணில் நீர்.

"எங்கிட்ட ஏன் சொல்லல புள்ள?"

"ஒரு மாசம் ரெண்டு மாசம்னு வாரீங்க. வந்த எடத்துல ஒங்களையும் சோறு எறங்காமப் பண்ணச் சொல்றீங்களா?"

பாயை விரித்துச் சஹனை நடுவில் வைத்தார் இக்பால். அவள் பழக்கதோஷத்தில் சுவரோரம் போய் நின்றாள். அவர் சாப்பிடத் தொடங்காமல் அப்படியே உட்கார்ந்திருந்தார். சோற்றில் ஆவி அடங்கிக்கொண்டிருந்தது. இன்றைக்கும் இவள் நின்றுகொண்டே இருந்துவிட்டால், இனிமேல் இந்தத் தட்டை எடுக்கவே கூடாது என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டார். அந்த நேரம் அவருக்கு இருந்த பயம், முதல்முதலாக விமானம் ஏறிய அன்றைக்குக்கூட இருந்ததில்லை.

ஹஃப்சா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு வந்து, பாயின் விளிம்பில், எப்போது வேண்டுமானாலும் எழுந்துவிடுகிற மாதிரி உட்கார்ந்தாள். பிஸ்மி சொல்லிக் கை வைத்தாள். ஒரு துண்டைப் பிய்த்து வாயில் போட்டாள்.

"காரம்" என்றாள். தண்ணீர் குடித்தாள். பிறகு இன்னொரு துண்டை எடுத்தாள்.

இக்பால் சாப்பிடுவதை மறந்து பார்த்துக்கொண்டிருந்தார். கல்யாணமாகி இத்தனை காலத்தில் அவள் சாப்பிட்டு அவர் பார்ப்பது இதுதான் முதல் தடவை. வேலை கிடக்கிறவள் மாதிரி வேகம் வேகமாகச் சாப்பிட்டாள். எதை எடுத்தாலும் இடது பக்கமே ஒதுக்கி மென்றாள்.

"வலப்பக்கம் என்னாச்சு?"

"பல்லு இல்லல்ல. மேல ரெண்டு, கீழ ஒண்ணு."

"எப்ப எடுத்தே?"

"மக அஞ்சாவது படிக்கையில. கன்னம் வீங்கிப் போச்சு. புதுக்கோட்டைக்குத் தனியாப் போயி எடுத்துட்டு வந்தேன். பஸ்ஸுல ரத்தம் நிக்கல, முந்தானையக் கடிச்சுக்கிட்டே வந்தேன்." வேறு யாருக்கோ நடந்ததைச் சொல்வதுபோல் சொல்லிவிட்டுச் சோற்றைப் பிசைந்தாள்.

மகள் ஐந்தாவது படித்த வருடம் இக்பாலுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. லீவில் வந்தவர் பாதாமும் பிஸ்தாவும் பை நிறையக் கொண்டுவந்து, "தின்னு, தின்னு" என்று அவள் கையில் அள்ளி அள்ளிக் கொட்டினார். அவளும் சிரித்துக்கொண்டே வாங்கி டப்பாவில் போட்டு வைத்தாள். குடும்பத்துக்காகத் தான் ஒருவன்தான் தனியாகக் கிடந்து சீரழிந்ததாக அவர் இவ்வளவு நாளும் நினைத்திருந்தார். கேம்பில் அவருக்கு ஒரு தலைவலி என்றால் பக்கத்துக் கட்டில்காரன் தைலம் தேய்த்துவிடுவான். 

"இன்னும் எனக்குத் தெரியாம என்னென்ன இருக்கு ஹஃப்சா?"

அவள் மென்றுகொண்டிருந்ததை விழுங்கினாள். அவர் முகத்தை ஒருகணம் ஏறிட்டுப் பார்த்தாள்.

"ஒரு வேளச் சோத்துல சொல்லி முடிக்கிறதா அது?" என்றாள்.