ஆற்றங்கரை நோரிக்கம்

கலிஃபோர்னியாவின் டப்ளினில் இருந்தபோது பக்கத்து கம்யூனிட்டி காலேஜில் ரோம வரலாற்று வகுப்பு ஒன்றில் சேர்ந்தேன். மகள் ஹைஸ்கூலுக்கு வந்துவிட்டாள். சாயங்காலங்கள் எனக்கு மிச்சமாயின. வேறு காரணம் இல்லை. ஆளுக்கொரு மாகாணத்தைப் பற்றிப் பேச வேண்டும் என்று ஆசிரியை சீட்டுக் குலுக்கினார். எகிப்து யாருக்கோ போனது. எனக்கு வந்தது நோரிக்கம் ரிப்பென்சே, அதாவது ஆற்றங்கரை நோரிக்கம். இன்றைய ஆஸ்திரியாவில், டான்யூபின் தென்கரையில் இருந்த சின்ன எல்லை மாகாணம்.

ரோமப் பேரரசு தளர்ந்த காலத்தில் ஆற்றுக்கு அப்பாலிருந்து வந்த தாக்குதல்களால் அங்கே மேற்கிலிருந்து தொடங்கி ஊர்கள் ஒவ்வொன்றாகக் காலியாயின. ஜனங்கள் ஆற்றோடு கீழே அடுத்த ஊருக்கு வந்தார்கள். அதுவும் தாங்காதபோது அதற்கும் அடுத்த ஊருக்கு. கடைசியில், ரோமானியர்கள் எல்லோரும் கிளம்பி இத்தாலிக்கு வந்துவிட வேண்டும் என்று ஆணை வந்தது. சில ஆண்டுகளுக்கு முன் இறந்துபோன துறவி ஒருவரின் உடலைத் தோண்டியெடுத்து வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

இதை நான் படித்துக்கொண்டிருந்த வாரத்தில்தான் கணவரின் ஆபீஸை டெக்சஸுக்கு மாற்றுவதாக அறிவித்தார்கள்.

"நாம போகலன்னா?" என்று கேட்டேன்.

"போகலன்னா வேலை இல்ல."

மாடிப்படியில் உட்கார்ந்திருந்த மகள், "ஐ'ம் நாட் கோயிங்," என்றாள். சத்தம் போடவில்லை. அவர் டிவியை ஆன் பண்ணினார்.

வகுப்பில் நான் பேசி முடித்ததும், ரிட்டயரான தீயணைப்பு வீரர் ஒருவர் கேட்டார்: "எல்லாருமே போயிட்டாங்களா?"

இல்லை என்றேன். போனவர்களில் ஒருவர் பின்னால் எழுதிவைத்ததால்தான் நமக்கு இந்தக் கதை தெரியும். அவர் கணக்கில் அது ஒரு விடுதலை. தங்கிவிட்டவர்கள் எதையும் எழுதவில்லை. அவர்கள் இருந்தார்கள் என்பதற்குக் கல்லறைகளும் சில ஊர்ப்பெயர்களும்தான் சாட்சி.

கணவர் முதலில் போனார். மகள் ஸ்கூல் முடிக்கும்வரை நானும் அவளும் டப்ளினிலேயே இருந்தோம். அவளுக்குக் கலிஃபோர்னியாவிலேயே காலேஜ் கிடைத்தது. டார்மில் அவள் பெட்டிகளை இறக்கிவைத்துவிட்டு, நான் தனியாக டெக்சஸுக்கு டிரைவ் பண்ணினேன். அரிசோனாவில் ஒரு கேஸ் ஸ்டேஷனில் நிறுத்தி அவளைக் கூப்பிட்டேன். எடுக்கவில்லை, வகுப்பில் இருந்திருப்பாள். காரிலேயே உட்கார்ந்து எலுமிச்சை சாதத்தைச் சாப்பிட்டு முடித்துவிட்டுக் கிளம்பினேன்.