தீயணைப்புக்காரர் மூட்டிய தீ

குவஹாராவைப் பற்றிச் சொல்வதென்றால் அவருடைய வலது காலிலிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும். போன வருட அறுவடைத் திருவிழாவில் எங்கள் மானத்தை வாங்கியது அதுதான்.

சாகா மாகாணச் சமவெளியில் ஈராயிரம் ஆண்டுப் பழைய ஊரைத் தோண்டிக் கண்டுபிடித்து, அகழி, மரவேலி, காவல் கோபுரம் எல்லாவற்றையும் மறுபடி எழுப்பியிருக்கும் பூங்காவில் நாங்கள் தொண்டர்கள். சணல் உடை மாட்டிக்கொண்டு நான் சிவப்பரிசி குத்துவேன். குவஹாரா தீக்கடைகோலை உள்ளங்கைகளுக்கு நடுவே உருட்டி நெருப்பு எடுப்பார். எடுப்பார் என்பது பேச்சுக்கு.

மனிதர் ஆயுள் முழுக்கத் தீயணைப்பு நிலையத்தில் இருந்தவர். மணி அடித்ததும் கல்யாண விருந்தில் பாதியில் எழுந்து ஓடியிருக்கிறார். அது அவருடைய கல்யாணம். ஓய்வு பெற்ற கையோடு இங்கே வந்து, "அணைச்சு அணைச்சு அலுத்துப்போச்சு. ஒரு தடவையாவது மூட்டிப் பாக்கணும்" என்றார்.

போன வருடம் மூட்டியும்விட்டார். காய்ந்த புல்லில் குப்பென்று சுடர் எழுந்தது. எங்களுக்குக் கைதட்டக்கூட நேரமில்லை, அவர் கால் தானாகப் போய் அதை மிதித்து நசுக்கிவிட்டது! பழக்கம். கடைசியில் திருவிழாவை நடத்தும் ஷிகெமோரி அம்மாள் லைட்டரால் திருவிழாப் பந்தத்தைக் கொளுத்தினார். "அந்தக் காலத்துல லைட்டர் இருந்துச்சா?" என்று ஒரு வாண்டு கேட்டது. எனக்கு உடம்பெல்லாம் கூசியது.

"அடுத்த வருஷமும் இப்படின்னா பந்தமே வேணாம் குவஹாரா சான், மின்விளக்கு வச்சிரலாம்" என்று ஷிகெமோரி சொல்லிவிட்டார். அதிலிருந்து குவஹாராவின் மனைவி மிட்சுயோ அவர் காலைக் கொல்லையில் பெர்சிமன் பழ மரத்தோடு கட்டிவைத்துப் பயிற்சி கொடுத்தார். நானே கண்ணால் பார்த்தேன்.

இந்த வருடம் காலையிலேயே தூறல். கோலை வைத்துக் கடையும் பலகை ஈரம் கோத்திருந்தது. பக்கத்தில் சட்டப்படி ஒரு ஆள் தண்ணீர் வாளியோடு நிற்க வேண்டும். நின்றவர் எகாஷிரா, குவஹாராவோடு ஒரே தீயணைப்பு வண்டியில் காலம் தள்ளிய நண்பர். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருப்பாரா?

"என்னடா, பலகைக்குப் பதிலா உன் மண்டை புகையுது?"

"வாயை மூடுடா. காத்து அடிக்குது."

"அந்தக் கால மனுசங்க எல்லாம் பட்டினியாலதான் செத்திருப்பாங்க போல. உன்னை மாதிரி ஒருத்தன் அடுப்பு மூட்டியிருப்பான்."

கூட்டம் சிரித்தது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உலக்கையைக் கீழே போட்டுவிட்டு, "எகாஷிரா சான், நீங்க வாளியப் பாருங்க!" என்று கத்தினேன்.

குவஹாராவின் உள்ளங்கைத் தோல் பிய்ந்திருந்தது. கோல் நிற்கவில்லை. முதலில் மெல்லிய புகை, அப்புறம் கறுப்புத் தூள், அதன் நடுவே ஒரு சிவப்புப் புள்ளி. அதைப் புல்லுக்குள் பொதிந்து, இரண்டு கையிலும் ஏந்தி ஊதினார். நாங்கள் எல்லோரும் அவர் காலையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

குப்!

வலது கால் தூக்கிக்கொண்டது. "ஏங்க!" என்று மிட்சுயோ அலறினார். கால் அந்தரத்தில் நின்றது, நடுங்கியது, மெதுவாகப் புல்தரையில் இறங்கியது. நான் குதித்தே விட்டேன். அதே நொடியில் எகாஷிராவின் கை வாளியை வீசியது.

குவஹாரா சட்டென்று திரும்பிக் குனிந்துகொண்டார். தண்ணீர் முழுவதும் முதுகில். நெஞ்சுக்கு அருகே நெருப்பு அப்படியே எரிந்தது.

"டேய்… கை தானா போயிருச்சுடா" என்றார் எகாஷிரா. முகத்தில் ஈயாடவில்லை.

"தெரியும்டா. பந்தத்தை நீட்டு, கை சுடுது!"

பந்தம் பிடித்தது. வேலியோரம் வரை கூச்சல். நான் யாரையோ கட்டிப்பிடித்தேன், பார்த்தால் ஷிகெமோரி.

சாயங்காலம் பூங்கா மூடும் நேரம். பந்தத்தை அணைக்க வேண்டும். "இதுக்கு உங்களை விட்டா யாரு?" என்று ஷிகெமோரி வாளியைக் குவஹாராவிடம் நீட்டினார். அவர் வாங்கினார். கொஞ்ச நேரம் சுடரைப் பார்த்தார். பிறகு வாளியை எகாஷிராவிடம் கொடுத்துவிட்டு, அகழிப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

"நீ அணைடா. என்னால முடியல."