மியூரியலுக்கு உயரும் கை

எங்கள் ஊர்த் தபாலாபீசில் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஓய்வு பெறும்வரை ஸ்டாம்பு கிழித்தவள் மியூரியல் ஓல்ட்ராய்ட். புருஷன் போய்ச் சேர்ந்தாச்சு, மகன் கனடாவில். காலையில் நாயோடு ஆற்றோரம் நடப்பாள். யாருக்குக் காய்ச்சல் என்றாலும் சூப்போடு வந்து நிற்பாள். நல்லவள்தான். ஆனாலும் அவளைக் கண்டாலே எனக்கு வயிறு எரியும்.

காரணம், சனிக்கிழமை மத்தியானம் சர்ச் ஹாலில் நடக்கிற சொல் விளையாட்டு. யாரும் வாயிலேயே போடாத இங்கிலீஷ் சொல் ஒன்றை அகராதியிலிருந்து பாதிரியார் எடுத்துப் போடுவார். ஒரு கட்சியில் மூன்று பேர் அதை உச்சரித்து, ஆளுக்கொரு அர்த்தம் சொல்ல வேண்டும். ஒருத்தர் கையில்தான் உண்மைச் சீட்டு. மற்ற இருவரும் கூசாமல் புளுகுவார்கள். எது நிஜம் என்று எதிர்க்கட்சித் தலைவர் கை தூக்குவார். அவர் ஏமாந்தால் புள்ளி எங்களுக்கு. எங்கள் கட்சி நான், மியூரியல், கசாப்புக்கடை வில்ஃப். எதிர்க்கட்சித் தலைவர் வேறு யார், என் புருஷன் டெஸ்மண்ட்!

உண்மைச் சீட்டு என்னிடம் வருகிற நாளெல்லாம் இந்த மனுஷன் நம்புவது மியூரியலைத்தான். கட்டின பெண்டாட்டி சத்தியம் சொல்கிறாள், கை என்னவோ அவள் புளுகுக்குப் போகிறது. புள்ளி கிடைத்து என்ன, அதைக் கொண்டுபோய் அடுப்பில் போடு!

போன வாரச் சொல் ‘க்ரோக்’. நான் சொன்னபோது கோழி விரட்டுகிற மாதிரி இருந்தது. மியூரியல் உதட்டைக் குவித்து, டாஃபியை ஒரு பக்கம் ஒதுக்கினாற்போல மெதுவாகச் சொன்னாள். எல்லோரும் டீயைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்கள்.

“அடுத்தவங்க சாப்பிடுறப்போ, நமக்கும் கொடுப்பாங்களான்னு வாயையே பாத்துட்டு நிக்கிறது” என்றேன். அதுதான் உண்மை. “பீர் பீப்பாய் மூடி” என்றார் வில்ஃப். “ஆட்டுக்குக் குளம்பு நீலமாகிற சீக்கு” என்றாள் மியூரியல்.

டெஸ்மண்ட் ஆயுசெல்லாம் ஆட்டுச் சந்தையில் ஏலம் விட்டவன். ஆடு நடக்கிற நடையைப் பார்த்தே சீக்கைச் சொல்லிவிடுவான். அவன் கை தூக்கினான்.

“மியூரியல் சொல்றதுதான் சரி.”

ஹாலே சிரித்தது. “ஏலக்காரருக்கு ஆடு மறந்துபோச்சுடோய்!” என்று வில்ஃப் தொடையில் தட்டினார். எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது.

காரில் ஏறியதும் ஆரம்பித்தேன். “எந்த ஆட்டுக்குய்யா நீலக் குளம்பு?”

“எனக்குத் தெரியாதா, எனிட்? நெஜச் சீட்டு வந்தா உன் காது செவந்துடும். நான் சரியாச் சொன்னா உங்க கட்சி தோத்துடும், நீ ஒரு வாரம் மூஞ்சியத் தூக்கி வச்சுக்குவ. உனக்காகத்தான் நான் தோக்குறேன்.”

அடப்பாவி, இத்தனை நாளும் சொல்லாமல் இருந்தானே! என் மனசு இளகிவிட்டது. கை நீட்டி அவன் காலரைச் சரிசெய்துவிட்டேன். பாலம் தாண்டும்போதுதான் சுருக்கென்றது.

“ஏன் டெஸ்மண்ட், தோக்கணும்னா வில்ஃபுக்குத் தூக்கியிருக்கலாமே? ஒரு நாளாவது?”

அவன் வைப்பரைப் போட்டான். மழையே இல்லை.