நான்காவது ரீல்

அப்பாவும் நானும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, அறுந்த ஃபிலிமை ஒட்டியது. வியாழக்கிழமை. சாப்பாட்டு மேசையில் செய்தித்தாளை விரித்து, அவர் இரண்டு முனைகளையும் பிடித்துக்கொண்டார். நான் டேப் ஒட்டினேன். துளைகள் பொருந்த மூன்று முறை ஆயிற்று.

"என்ஜினீயரம்மா, அரை மில்லிமீட்டர் தள்ளிப் போச்சு."

"நீங்க கையை ஆட்டாம பிடிங்க."

"கை என் பேச்சைக் கேட்டா உன்னை ஏன் கூப்பிடறேன்?"

அப்பா முப்பத்தாறு வருடம் திரையரங்கில் ஆபரேட்டர். வேலையை விட்டபோது ஒரு சின்ன புரொஜெக்டரும் ஒரே ஒரு படமும் கொண்டுவந்தார். அந்தப் படத்தில் மரணம் விருந்தாளியாக வீட்டுக்கு வருகிறது. தாத்தாவை அழைத்துப்போக வந்தவரின் கையில் கறுப்புக் குடை. அது இல்லாமல் அவரால் யாரையும் கூட்டிப்போக முடியாது. பேத்தி அதை ஒளித்துவிடுகிறாள். விருந்தாளி கட்டிலுக்கு அடியில் புகுந்து தேடுவார், தூசியில் தும்முவார். என் மகள் விழுந்து விழுந்து சிரிப்பாள். அவளுக்கு ஏழு வயது. அப்பாவுக்கு அவள் வாலு.

நான்கு ரீல் படம். அப்பா மூன்றுதான் போடுவார். நான்காவதை அரங்கின் பின்னறையிலேயே விட்டுவிட்டார். அதில் மழை பிடிக்கிறது. விருந்தாளி வெறுங்கையோடு வாசலில் நனைந்துகொண்டு நிற்கிறார். பார்க்கப் பொறுக்காமல் தாத்தாவே குடையை எடுத்து நீட்டுகிறார். ஒரே குடையில் இருவரும் தெருமுனை வரை நடக்கிறார்கள்.

"மூணோட நிறுத்தினா என்ன குறைஞ்சுபோச்சு?" என்பார் அப்பா.

"ரீல் விடறதுன்னா இதுதாம்ப்பா."

அப்பாவின் இதயம் இருபது சதவீதம்தான் வேலை செய்கிறது என்று மருத்துவர் சொன்ன வாரம், வீட்டிலிருந்த மூன்று குடைகளும் காணாமல் போயின. துணி துவைக்கும் மெஷினுக்குப் பின்னால் கண்டுபிடித்தேன். மறுநாள் அங்கேயும் இல்லை. அப்பாவைப் பார்க்க வந்த மருத்துவரின் குடையும் போயிற்று. அவர் தலையில் ஃபைலை வைத்துக்கொண்டு காருக்கு ஓடினார்.

"பயப்படாதீங்க தாத்தா," என்றாள் வாலு. "இனிமே உங்களை யாரும் கூட்டிட்டுப் போக முடியாது."

அவள் பள்ளிக்குப் போனதும் நான் அப்பாவிடம் சொன்னேன்.

"நீங்க இழுத்துவிட்டது. நீங்களே சொல்லிடுங்க."

"வாயால சொல்ல வராதும்மா. சனிக்கிழமை நாலாவது ரீலை வாங்கிட்டு வந்து போட்டுக் காட்டிடறேன்."

"நான் போய் வாங்கிட்டு வரேனே."

"மேனேஜர் உன்கிட்ட குடுக்க மாட்டான். என் மூஞ்சியைப் பார்த்தாத்தான் அலமாரியைத் திறப்பான்."

அதற்காகத்தான் அந்த வியாழக்கிழமை மற்ற மூன்று ரீல்களையும் ஓட்டிச் சரிபார்த்தோம். அறுந்தது இரண்டாவது.

சனிக்கிழமை காலையில் மழை. அப்பா ஷூ போட்டு, நாடாவை இறுக்கிக் கட்டிக்கொண்டு குடை தேடினார். வாலு பாட்டு வகுப்புக்குப் போயிருந்தாள், கேட்க ஆளில்லை. "விட்டதும் போறேன்," என்று ஜன்னலோரம் உட்கார்ந்தார். பதினொன்று இருபதுக்கு மாத்திரையும் தண்ணீரும் கொண்டுபோனேன். மழை விட்டிருந்தது. நாற்காலியில் சாய்ந்திருந்த அப்பாவிடம் மூச்சில்லை. ஷூ நாடாவை நான்தான் அவிழ்த்தேன்.

வாலு அழவில்லை. தன் புத்தக அலமாரிக்குப் பின்னால் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.

"நாலு குடையும் அங்கேயேதாம்மா இருக்கு. அப்புறம் எப்படி?"

பழுது எங்கே என்று கண்டுபிடிப்பது என் தொழில்.

"படம் இன்னும் முடியலடா," என்றேன்.

"முடிஞ்சுதே. தாத்தா விளக்குப் போட்டாரே."

மறுவாரம் மேனேஜருக்குப் போன் செய்தேன்.

"எப்ப வேணா வாங்க. அப்பா ஒரு வார்த்தை சொல்லியிருந்தா யார்கிட்ட வேணாலும் குடுத்தனுப்பியிருப்பேனே."

இது நடந்து ஐந்து வாரமாகிறது. ரீல் பின்னறையில், இரண்டாவது தட்டில் இருக்கிறதாம். நானும் இன்னும் போகவில்லை.