இடுப்பில் கட்டிய ரசமட்டம்

என் கொழுந்தியாளை அவள் வேலை செய்யும் இடத்தில் எல்லோரும் "மாமியார்" என்றுதான் கூப்பிடுகிறார்கள். அவளுக்கு இன்னும் கல்யாணமே ஆகவில்லை, மருமகளுக்கு எங்கே போவது? ஆனாலும் பெயர் ஒட்டிக்கொண்டது. யார் எதைச் செய்து கொண்டுவந்து நீட்டினாலும் அதில் ஒரு குறை கண்டுபிடிப்பாள். கண்ணுக்குக் குறை தெரியாவிட்டால் கீழே போட்டுப் பார்ப்பாள். அதுதான் அவள் உத்தியோகம். அதற்குச் சம்பளமும் கொடுக்கிறார்கள்.

அது லாபம் பார்க்காத ஒரு இன்ஜினியரிங் கம்பெனி. முதல்முறை அவள் அப்படிச் சொன்னபோது, "அப்ப நஷ்டத்துல ஓடுதா?" என்று கேட்டேன்.

"லாபம் வந்தா பங்கு போட்டுக்க முதலாளின்னு யாரும் இல்ல அத்தான். வர்றதெல்லாம் அடுத்த வேலைக்குப் போயிடும்," என்றாள்.

அங்கே செயற்கைக்கோளுக்கும் கருவி செய்கிறார்கள், ராணுவத்துக்கும் செய்கிறார்கள், ஆஸ்பத்திரிக்கும் செய்கிறார்கள். அமாவாசைக்கும் அப்துல் காதருக்கும் என்ன சம்பந்தம் என்று அதற்கும் கிண்டல் செய்தேன். "எல்லாத்துலயும் ஒரே சென்சார்தான் அத்தான். செயற்கைக்கோளும் சாயக் கூடாது, மனுஷனும் சாயக் கூடாது," என்றாள். அன்று நான் நேராக நின்றுகொண்டிருந்தேன். அதனால் சிரித்தேன்.

அவள் சுபாவம் எனக்கு முதல் நாளே தெரியும். அவள் அக்காவைக் கல்யாணம் செய்துகொள்வதற்கு முன், ஒரு நாள் சைக்கிளில் அழைத்துப் போக அவர்கள் வீட்டு வாசலில் போய் நின்றேன். இஸ்திரி போட்ட சட்டை, வாரிய தலை. இரட்டைப் பின்னலோடு வெளியே வந்த கொழுந்தியாள் என் முகத்தைப் பார்க்கவே இல்லை. குனிந்து சைக்கிளை உருட்டினாள், பிரேக்கை அழுத்தினாள், "பின் பிரேக் பிடிக்கல. அக்கா ஏற மாட்டா," என்று உள்ளே பார்த்துக் கத்தினாள். அக்காவும் ஏறவில்லை. நான் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே கடைக்குப் போய் பிரேக் கட்டை மாற்றிக்கொண்டு வந்தேன். அன்றைக்கு எனக்கு வந்த கோபத்தில் அந்தக் கல்யாணமே நின்றிருக்கும்.

படித்து, அந்தக் கம்பெனியின் பரிசோதனைக் கூடத்தில் சேர்ந்து, இப்போது எங்கள் வீட்டிலேயே ஓர் அறையில் இருக்கிறாள். "நல்லா இருக்கு" என்ற சொல் அவள் வாயிலிருந்து வந்து நான் கேட்டதில்லை. நான் ஒரு வாரம் உயிரைக் கொடுத்து அவள் அறைக்குப் பெயிண்ட் அடித்தேன். சுற்றிப் பார்த்துவிட்டு, "பரவாயில்ல, ஜன்னல் மூலையில ஒரு கோட்டிங் விட்டுப்போச்சு," என்றாள். விட்டுத்தான் போயிருந்தது. அதுதான் எரிச்சல்.

பரிசோதனைக் கூடத்தில் செய்ய வேண்டிய சோதனைகளுக்கு ஒரு வரிசை உண்டு. உலுக்கு, சுடவை, குளிரவை, கீழே போடு. அதையெல்லாம் எல்லோரும் செய்வார்கள். இவள் அது முடிந்ததும் தன் கணக்கில் ஒன்று செய்வாள். அந்தப் பொருளை நிஜத்தில் கையாளப் போகிறவர்கள் என்ன செய்வார்கள் என்று போய்ப் பார்த்துவிட்டு வந்து, அதையே செய்வாள். மலை உச்சியில் மாட்டிக்கொண்ட வீரர்களுக்குச் சாப்பாடும் மருந்தும் இறக்கும் பாராசூட்டுக்கு, வழிகாட்டும் பெட்டி ஒன்றை அங்கே செய்தார்கள். எல்லாச் சோதனையும் தாண்டிய பெட்டி. இவள் அதை மேடைமேல் வைத்துக் காலால் ஓங்கி ஓர் உதை விட்டாள். மூடி கழன்றுகொண்டது. "லாரியிலிருந்து யாரும் பூ மாதிரி இறக்கி வைக்கல. காலாலதான் தள்ளுறாங்க. பாத்துட்டுதான் வந்தேன்," என்றாளாம். இன்னொரு தடவை, செயற்கைக்கோளில் பொருத்த வேண்டிய பெட்டியை மூடிய லாரியில் வைத்து மத்தியான வெயிலில் நிறுத்திவிட்டாள். விண்வெளிக்குப் போகிற பெட்டியும் முதலில் லாரியில்தான் போகும், டிரைவர் சாப்பிடப் போவார், அதுதான் காரணம். மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்பார்கள். இங்கே மாமியார் உடைப்பது அத்தனையும் பொன்குடம், ஆனாலும் யாரும் அவளைத் திட்டுவதில்லை.

யானைக்கும் அடி சறுக்கும் என்கிறார்களே, எனக்குச் சறுக்கியது அதற்குப் பிறகுதான். சாரத்தில் நின்று மூன்றாம் மாடிக்குப் பெயிண்ட் அடித்துக்கொண்டிருந்த ஆள் நான். ஒரு கடுமையான காய்ச்சல் வந்து படுத்தேன். உயிரைக் காப்பாற்றக் கொடுத்த மருந்து உயிரைக் காப்பாற்றிவிட்டு, உள்காதில் சமநிலையைப் பார்த்துக்கொள்ளும் இடத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டது. இப்படி ஆகலாம் என்று டாக்டர் முன்பே சொல்லித்தான் கொடுத்தார், அவர்மேல் குறை இல்லை. வெளிச்சம் இருந்தால் கண்ணால் பார்த்துச் சமாளித்து நடந்துவிடுவேன். பொழுது சாய்ந்தால் நானும் சாய்வேன். ஆடத் தெரியாதவளுக்குக் கூடம் கோணல் என்பார்கள். எனக்கு உண்மையாகவே கூடம் கோணல்தான்.

அந்தி ஆனால் என் பெண்டாட்டி கையைப் பிடித்துக்கொண்டுதான் வெளியே போக வேண்டும். குழந்தையை நடத்திக்கொண்டு போகிற மாதிரி என்னைக் கூட்டிப் போவாள். அவள் ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. எனக்குத்தான் அந்தக் கையைப் பிடிக்கும்போதெல்லாம் உள்ளே ஏதோ ஒடிந்தது.

எனக்கு வேலை கொடுத்துக்கொண்டிருந்த கான்ட்ராக்டர் நல்ல மனிதர். "ஏணி வேணாம். கீழ நின்னு பசங்கள வேலை வாங்கு, சூப்பர்வைசரா வெச்சுக்கறேன்," என்றார். ஆனால் கடைகளுக்குப் பெயிண்ட் அடிப்பது கடை மூடிய பிறகு, பொழுது சாய்ந்த பிறகு. தனியாக வந்து போக முடிந்தால்தான் அந்த வேலை. கொஞ்ச காலம் எனக்காக இடத்தைக் காலியாக வைத்திருப்பதாகச் சொன்னார்.

அந்தச் சமயத்தில்தான் கம்பெனியில் ஒரு பெல்ட் செய்கிறார்கள் என்று தெரிந்தது. கொத்தனார் சுவர் நேராக இருக்கிறதா என்று ரசமட்டம் வைத்துப் பார்ப்பார் இல்லையா, அதை இடுப்பில் கட்டிக்கொண்ட மாதிரி. இடப்பக்கம் சாய்ந்தால் இடப்பக்கம் கிர்ரென்று அதிரும், வலப்பக்கம் சாய்ந்தால் வலப்பக்கம். இருட்டில் கண் செய்ய வேண்டிய வேலையை இடுப்பு செய்யும். கட்டிப் பார்க்க ஆட்கள் எடுத்தார்கள். டாக்டர் என்னை அனுப்பினார், நானும் சேர்ந்தேன்.

கொழுந்தியாள் நேராக மேலாளரிடம் போய், "அந்தப் பெல்ட்டைக் கட்டப்போறதுல ஒருத்தர் என் அக்கா வீட்டுக்காரர். நான் சோதிக்கலாமா?" என்று கேட்டிருக்கிறாள். கூடவே இன்னொருவரும் பார்த்துக் கையெழுத்துப் போடட்டும் என்று அவர் முடிவு செய்தார். சொந்தக்காரர் என்பதற்காக மாமியார் விட்டுக்கொடுப்பாளா என்று அந்தக் கூடமே சிரித்ததாம்.

பெல்ட் கொடுப்பதாகச் சொன்ன நாளுக்கு நான் புதுச் சட்டை எடுத்து வைத்திருந்தேன். அன்றைக்கு எங்களையெல்லாம் ஓர் அறையில் உட்காரவைத்து, பெல்ட்டைச் செய்த இன்ஜினியர், தூக்கம் இல்லாத கண்ணோடு எழுந்து நின்றார்.

"மன்னிச்சுக்கோங்க, இன்னிக்குக் கொடுக்க முடியாது. ஏசி ரூம்ல இருந்து திடீர்னு வெளி வெக்கைக்கு வந்தா பெல்ட் கொஞ்ச நேரம் குழம்பிப்போகுது. சாய்ஞ்சிருக்கறத நேர்னு சொல்லுது. செயற்கைக்கோளா இருந்தா நட்சத்திரத்தைப் பாத்துத் திருத்திக்கும். இருட்டுல நடக்கறவரு எதைப் பாப்பாரு? சூட்டுலயும் சோதிச்சோம், குளிர்லயும் சோதிச்சோம். ஒண்ணுல இருந்து இன்னொண்ணுக்கு ஒரே தாவா தாவுறத எங்க மாமியார்தான் செஞ்சு பாத்தாங்க."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அதற்கு முந்தைய வாரம்தான் ஆஸ்பத்திரியின் ஏசி அறையிலிருந்து வெயிலுக்கு நாங்கள் வெளியே வந்தபோது இவள் என்னையே உற்றுப் பார்த்துக்கொண்டு நின்றாள். பாசம் என்று நினைத்தேன். பார்த்தால், சோதனைக்கு ஐடியா எடுத்திருக்கிறாள்! கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. வீட்டுக்கு வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஆரம்பித்தேன்.

"எத்தனையோ பெட்டிய உடைச்ச. இதை ஒண்ணையாவது விட்டிருக்கக் கூடாதா? சொந்த அத்தானுக்குக்கூட விட்டுக்கொடுக்க மாட்டியா?"

அவள் குரலே உயரவில்லை. "நீங்க என் அத்தான்னு பெல்ட்டுக்குத் தெரியாது அத்தான்."

அன்றிலிருந்து அவளோடு பேச்சை நிறுத்தினேன். ஒரே மேஜையில் உட்கார்ந்துகொண்டு, "உன் தங்கச்சிகிட்ட அந்தத் தண்ணிய நகர்த்தச் சொல்லு," என்பேன். "என் வாய் என்ன தபால்பெட்டியா?" என்று என் பெண்டாட்டி இரண்டு பேரையும் திட்டுவாள். இதற்கிடையில் கான்ட்ராக்டர் வந்தார். வெகுநேரம் சுற்றி வளைத்துப் பேசிவிட்டு, இனிமேல் இடத்தைப் பிடித்து வைக்க முடியாது என்று சொல்லிப் போனார். அந்த வேலை போனது போனதுதான். அன்று கொழுந்தியாள் தன் அறையை விட்டு வெளியே வரவில்லை. வராதது நல்லது என்றே நினைத்தேன்.

ஒரு நாள் அவள் முழங்கையில் பெரிதாக ஊதாக் காயம் கன்றிப்போய் இருந்தது. அக்கா பதறிக்கொண்டு கேட்டதற்கு, "கதவுல இடிச்சுக்கிட்டேன்," என்றாள். ஊரில் உள்ள பொருளையெல்லாம் உடைக்கிறவளுக்குக் கதவு ஒன்று பதில் கொடுத்ததே என்று மனதுக்குள் சிரித்துக்கொண்டேன்.

பிறகு, திருத்திய பெல்ட்டுக்கு இடுப்பளவு எடுக்க வரச் சொல்லி அழைத்தார்கள். அளவு எடுக்கும் அறைக்குப் போகிற வழியில் கண்ணாடிச் சுவர் போட்ட கூடம். உள்ளே கொழுந்தியாள் இடுப்பில் பெல்ட்டோடு ஒரு சுழல் நாற்காலியில் உட்கார்ந்திருக்க, ஒருவர் அவளைச் சுற்றோ சுற்று என்று சுற்றிக்கொண்டிருந்தார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. கூட வந்த இன்ஜினியரைக் கேட்டேன்.

"அவங்க காது நல்லா இருக்கே சார். உங்களுக்கு இருக்கற மாதிரி அவங்களுக்கு இருக்கணும்னா தலை கிறுகிறுக்கணும். அதான் சுத்திட்டு, கண்ணைக் கட்டிக்கிட்டு நடப்பாங்க. ஆளுங்க சும்மா நின்னுக்கிட்டு இருந்தா போதாது, நடந்து பாக்கணும்னு சொல்லிட்டாங்க. புதுசோட ஒப்பிட்டுப் பாக்க முதல்ல பழைய பெல்ட்டையே கட்டிக்கிட்டாங்க. குளிர் அறையில இருந்து வெளிய வந்தப்ப அது நேர்னு சொல்லுச்சு, இவங்க அதை நம்பி அப்படியே பக்கவாட்டுல விழுந்தாங்க. நாங்க பிடிக்கறதுக்குள்ள முழங்கை தரையில அடிச்சிடுச்சு. வீட்டுல சொல்லலையா?"

இல்லை என்று தலையாட்டினேன். கண்ணாடிக்கு அந்தப்பக்கம் அவள் எழுந்து, துணியால் கண்ணைக் கட்டிக்கொண்டு, குடிகாரன் மாதிரி தள்ளாடி ஓர் அடி எடுத்து வைத்தாள். நான் விழ வேண்டிய விழுகையை எனக்கு முன்னால் அவள் விழுந்திருக்கிறாள். தெருவில், இருட்டில், பிடிக்க ஆள் இல்லாத இடத்தில் நான் விழுந்திருக்க வேண்டியது. கூட வந்திருந்த பெண்டாட்டி என் கையை இறுக்கிப் பிடித்தாள். அவளும் அழுதுகொண்டுதான் இருந்தாள்.

"அவங்க உடைச்சா எங்களுக்கு வயித்தெரிச்சல் சார்," என்றார் இன்ஜினியர். "உடைக்கலைன்னா பயம்."

அன்று சாயங்காலம் சாப்பாட்டு மேஜையில் நானே தண்ணீரை ஊற்றி அவள் பக்கம் நகர்த்தி வைத்தேன். "கை வலி எப்படி இருக்கு மாமியாரே?" என்றேன். என்னை ஒரு தடவை பார்த்தாள். "பரவாயில்ல," என்றாள். டம்ளர் விளிம்பில் கறை இருக்கிறதென்று எழுந்து போய்க் கழுவிக்கொண்டு வந்தாள்.

பெல்ட் வந்தது. ஆஸ்பத்திரியில் ஜன்னல் இல்லாத ஓர் அறை, தரையில் மெத்தென்று நுரை விரிப்பு. காலுக்கும் நிதானம் தெரியாமல் இருக்கத்தான் அது. அதன்மேல் என்னை நிறுத்தி, பெல்ட்டைக் கட்டினார்கள். விளக்கை அணைப்பார்கள், நான் எதிர்ச்சுவர்வரை தனியாக நடக்க வேண்டும். நர்ஸ் விளக்கு சுவிட்சின் பக்கத்தில் நின்றாள். இன்ஜினியர் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தார். என் பெண்டாட்டி வழக்கம்போல என் கையைப் பிடித்திருந்தாள். மூன்றாம் மாடிச் சாரத்தில் தனியாக நின்ற ஆள், அந்தக் கையை விடவில்லை.

கதவோரம் கை கட்டி நின்ற கொழுந்தியாளைப் பார்த்தேன்.

"என்னம்மா, நம்பலாமா?"

அவள் அருகே வந்து குனிந்து, பெல்ட்டின் கொக்கியை ஒரு தடவை இழுத்துப் பார்த்தாள், அன்றைக்குச் சைக்கிள் பிரேக்கை அழுத்திப் பார்த்த அதே முகத்தோடு. பிறகு நிமிர்ந்தாள். அவள் கண் கலங்கி நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

"என்னால உடைக்க முடியல அத்தான்," என்றாள்.

நான் பெண்டாட்டியின் கையை விட்டுவிட்டு, விளக்கை அணைக்கச் சொன்னேன்.