அந்த இரண்டு கோப்பையும் நான் வைத்தது

கனடாவில், மிசிசாகாவில் கூரை போடும் கம்பனி, பிக்கரிங்கில் நானே நின்று கட்டின வீடு, என்னிடம் வேலை பழகித் தனியாய்ப் போன இருபது பேர். ஒன்பதாம் வகுப்போடு படிப்பை விட்டவன் செய்தவை இவை. ஆனால் நான் முதலில் கட்டினது கூரை இல்லை. ஒரு படத்தின் காட்சி.

தொண்ணூறுகளின் நடுவில் மோர்னிங்சைட்டில் ஒரு அடுக்குமாடியில் இருந்தோம். எனக்குப் பதினொரு வயது. லண்டனில் ஆங்கிலத் தொலைக்காட்சிக்குச் சிரிப்புக் கதை எழுதுகிற சித்தப்பா எங்களிடம் வந்து நின்றார். குடும்பத்தோடு பார்க்கிற படம் ஒன்று, இரண்டு தரம் எழுதி அனுப்பி இரண்டு தரமும் திரும்பிவிட்டது. வெள்ளிக்கிழமைக்குள் சிரிப்பு வராவிட்டால் வேறு ஆளிடம் கொடுத்துவிடுவார்களாம். குசினி மேசையில் இருந்து எழுதுவார், கிழிப்பார்.

வியாழக்கிழமை நான் அம்மாவின் கதையைச் சொன்னேன். எதிர்வீட்டு வெள்ளைக்கார அன்ரிக்கு வடை கொடுக்கப் போன அம்மா, திரும்பும்போது போறன் என்று சொல்லக்கூடாதே, வாறன் என்றுதானே சொல்லவேண்டும் என்று, "ஐ ஆம் கமிங்" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டா. பொழுதுபடும்வரை அன்ரி கதவைத் திறந்துவைத்துக் காத்திருந்தா. கடைசியில், அம்மாவுக்குச் சுகமில்லையோ என்று கேட்டு வந்தா.

சித்தப்பா சிரிக்கவில்லை. பேனையை எடுத்தார். அன்ரி கோபத்தில் ரெலிபோன் எடுப்பதாக எழுதினார். நான் விடவில்லை. கோபப்பட்டால் ஆர் சிரிப்பினம்? அலுமாரியில் இரண்டு தேத்தண்ணிக் கோப்பையை எடுத்து வைத்து, அம்மாவுக்கான ஒன்றை ஆறாமல் சோசரால் மூடி, அன்ரி மாதிரி வாசலைப் பார்த்தபடி இருந்து காட்டினேன். அடுப்படியில் நின்ற அம்மா சிரித்தா, பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டா.

"உதுதானடா," என்றார் சித்தப்பா.

விமான நிலையத்தில் அவரை மறித்தேன். "என்ர பேர் போடுவியளோ?"

"ஓமோம். போட்டு வாறன்."

படம் ஓடியது. அதற்குப் பிறகு அவர் எழுதின எல்லாப் படத்திலும் ஆரோ ஒருவர் வாசலில் காத்திருப்பார். சித்தப்பா பெரிய ஆளானார். நான் வீடியோவில் கடைசி எழுத்து மறையும்வரை இருந்து பார்த்தேன், திருப்பி ஓடவிட்டும் பார்த்தேன். என் பேர் வரவில்லை. பேரைப் போட்டுவிட்டு வருவார் என்றுதான் எனக்கு விளங்கியிருந்தது. அது எங்கள் ஆட்கள் புறப்படும்போது, போய்விட்டு வாறன் என்பதற்குச் சொல்கிற சொல் மட்டுந்தான் என்று விளங்கவில்லை. அந்த அன்ரி மாதிரி நானும் கதவைத் திறந்துவைத்திருந்தேன்.

சித்தப்பா, படம் இன்னும் ஓடுது. முதலில் அம்மாவின் பேர், அடுத்தது என்ர பேர். போட்டிட்டு வாங்கோ.